கிரேன் மேலே ஒரு குடித்தனம்

வேலைத் தளத்தில் அவருக்கு வைத்த பெயர் மேகம். வைத்தவர்கள் கம்பி கட்டுகிறவர்கள். அடுத்தவனுக்குப் பெயர் வைப்பதைத் தவிர அவர்களுக்கு வேறு பொழுதுபோக்கு கிடையாது. காலையில் ஏறினால் சாயங்காலம்தான் இறங்குவார், இறங்கினாலும் மனசு மேலேயே நின்றுவிடும், எதைக் கேட்டாலும் பதில் ஆடி அசைந்துதான் வரும். இத்தனைக்கும் சேர்த்து ஒரே பெயராக வைத்துவிட்டார்கள். அவர் கோபித்துக்கொள்ளவில்லை. கோபம் வருவதற்கும் அவருக்கு நேரமாகும், அதற்குள் பேச்சு வேறெங்கோ போயிருக்கும்.

உயரமான கட்டடங்கள் எழும்பும் இடத்தில், அவற்றைவிட உயரமாக ஒற்றைக் காலில் ஒரு கிரேன் நிற்குமே, அதை ஓட்டுவதுதான் அவருக்குத் தொழில். ஓட்டுவது என்று பேர்தானே தவிர, எங்கும் போவதில்லை. தூணின் உச்சியில் ஒரு கண்ணாடிக் கூண்டு. அதில் ஒரு நாற்காலி, இரண்டு கைப்பிடிகள், தண்ணீர் பாட்டில், ஒரு வாக்கிடாக்கி. முன்னால் நீண்ட கை. அதிலிருந்து கொக்கி தொங்கும். முன்கை சாய்ந்துவிடாமல் இருக்கப் பின்னால் ஒரு குட்டைக் கை. அதன் முனையில் கனத்த கான்கிரீட் கட்டிகள். கூண்டின் தரையிலும் கண்ணாடிதான். செருப்புக்குக் கீழே லாரிகளும் ஆட்களும் ஊர்ந்துகொண்டிருப்பார்கள். முதல் முறை ஏறுகிறவனுக்கு ஈரக்குலை நடுங்கிவிடும். இவருக்கோ தரையில் நிற்கும்போதுதான் லேசாகத் தலை சுற்றும். தரை ஆடாமல் இருப்பது ஏதோ சரியில்லாத மாதிரி இருக்கிறதாம்.

கீழே நின்று அவருக்குக் கண்ணாக இருந்தவன் அவருடைய மச்சினன், மனைவியின் தம்பி. எந்தச் சுமையை எங்கே தூக்க வேண்டும், எங்கே இறக்க வேண்டும் என்று வாக்கிடாக்கியில் சொல்லுவது அவன் வேலை. “மாமா, கொஞ்சம் இடது. இன்னும் கொஞ்சம். ஐயோ, கொஞ்சம்னா கொஞ்சம்தான், ஊரையே சுத்தாதே” என்று காலையிலிருந்து சாயங்காலம் வரை அவர் காதுக்குள்ளேயே குடியிருந்தான். இருவரும் பல கட்டடங்களைச் சேர்ந்தே எழுப்பியவர்கள். அவன் குரல் ‘இறக்கு’ என்றால் அவர் கை இறக்கும். நடுவில் யோசனை என்று ஒன்று கிடையாது. கல்யாணத்தால் வந்த உறவைவிட அந்த வாக்கிடாக்கியால் வந்த உறவு கெட்டி என்பது அவர் மனைவியின் புகார்.

மேலே இருக்கிறவருக்கு ஊர் வேறு ஊர். கீழே நடக்கிறவர்கள் இந்த ஊரில் மனிதர்கள் மட்டும்தான் இருப்பதாக நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். பாவம், அவர்களுக்குத் தெரிந்தது அவ்வளவுதான். ரயில்வே யார்டில் துருப்பிடித்துக் கிடக்கும் பழைய பெட்டிகளின் கூரையில், மதிய வெயில் சாய்ந்ததும் ஒரு நரிக் குடும்பம் வந்து படுக்கும். பெரிய வங்கியின் மொட்டை மாடியில், தண்ணீர்த் தொட்டி விளிம்பில் ஒரு நாரை காலை முழுவதும் நிற்கும். அதன் கீழே இருக்கும் மாடிகளில் எத்தனையோ பேர் டை கட்டிக்கொண்டு அவசரமாக இருப்பார்கள். மூடிப்போன ஒரு கிளப்பின் நீச்சல் குளத்தில் மழைத் தண்ணீர் தேங்கி, ஆமைகள் குடியேறியிருந்தன. சினிமாத் தியேட்டரின் விளம்பரப் பலகைக்குப் பின்னால் வௌவால்கள் தலைகீழாகத் தொங்கின. வேலைக்கு நடுவே கொக்கி சும்மா நிற்கும் நேரங்களில் இவற்றையெல்லாம் அவர் பார்த்துக்கொண்டே இருப்பார். கண் திறந்திருக்கும்போதே வருகிற கனவு அது. கார்களின் சத்தமும் அத்தனை உயரத்துக்கு வருவதற்குள் கரைந்துபோய், தூரத்தில் யாரோ தண்ணீர் திறந்துவிட்ட சத்தமாகத்தான் கேட்கும்.

இறங்கிப் போய்த் தேடினால் ஒன்றும் கிடைக்காது. ஒரு விடுமுறை நாளில் நரிகளைக் காட்டுகிறேன் என்று மனைவியை யார்டுக்கு அழைத்துப்போனார். வேலி ஓரத்தில் கால் கடுக்க நின்றார்கள். ஒரே ஒரு நாய் வந்து இவர்களை முகர்ந்து பார்த்துவிட்டுப் போனது.

“நரியைக் காட்டறேன்னு கூட்டிட்டு வந்து நாயைக் காட்டறீங்க” என்றாள் மனைவி. அவள் மூக்குக் கண்ணாடிக் கடையில் பார்வை சோதிக்கிறவள். “ஊருக்கெல்லாம் கண்ணைச் சரி பண்றவ நான். என் வீட்டுக்காரருக்கு இல்லாததெல்லாம் தெரியுது.”

“இங்கேர்ந்து தெரியாது. மேலேர்ந்து பாத்தா தெரியும்.”

“அப்ப என்னையும் மேலேர்ந்தே பாத்துக்குங்க. கிட்ட வந்தா நான் ஏன் உங்க கண்ணுக்கே தெரிய மாட்டேங்கறேன்னு இப்பத்தான் புரியுது.”

சொல்லிவிட்டுச் சிரித்தாள். அவரும் சிரித்தார், வழக்கம்போலக் கொஞ்சம் தாமதமாக.

அந்த வருஷம்தான் பருந்துகள் வந்தன. பின்கையின் முனையில், கான்கிரீட் கட்டிகளுக்கும் இரும்புச் சட்டத்துக்கும் நடுவே ஒரு சந்து இருந்தது. காற்றும் வெயிலும் நேராகப் படாத இடம். ஒருநாள் பார்த்தால் அங்கே நாலு குச்சி கிடந்தது. மறுநாள் குச்சியோடு ஒரு கம்பித் துண்டு, கிழிந்த சாக்கு, கம்பி கட்டுகிறவர்களின் ஒற்றைக் கையுறை. கையுறையைத் தேடிக் கீழே ஒருவன் எல்லோர் மேலும் சந்தேகப்பட்டுக்கொண்டிருந்தது வாக்கிடாக்கியில் கேட்டது. அவர் வாயே திறக்கவில்லை. பெண் பருந்துக்கு ‘வீட்டுக்காரம்மா’ என்று பெயர் வைத்தார். வாடகை கேட்காத வீட்டுக்காரம்மா, ஆனால் முறைப்பதில் மட்டும் குறை வைக்க மாட்டாள். கிரேன் சுழலும்போது அவள் கூட்டை விட்டு எழும்பி, பக்கத்திலேயே காற்றில் சாய்ந்து சாய்ந்து மிதந்து, நின்றதும் திரும்ப வந்து உட்காருவாள்.

விஷயம் பொறியாளர் அம்மா வரைக்கும் போனது. கூட்டைக் கலைக்கச் சொல்வார் என்று இவர் பயந்தார். அந்த அம்மா ஒரு தடவை மேலே ஏறி வந்து பார்த்தார், மூச்சு வாங்க. “சுழல்றதுக்கு எதுவும் இடைஞ்சல் இல்லையே? அப்ப குஞ்சு பறக்கிற வரைக்கும் இருக்கட்டும். நீங்க உங்க வேலையை எப்பவும்போலப் பாருங்க” என்று சொல்லிவிட்டு இறங்கிப்போனார். நல்ல மனுஷி. அவர் சொன்ன கடைசி வார்த்தையை மட்டும் இவர் கேட்டிருந்தால் இந்தக் கதையே இல்லை.

கிரேன்காரர்களுக்கு ஒரு வழக்கம் உண்டு. வேலை முடிந்து இறங்கும்போது மேல்பாகத்தின் பிரேக்கை அவிழ்த்துவிட வேண்டும். ‘காத்துக்கு விடறது’ என்பார்கள். ஆளில்லாத நேரத்தில் கிரேன் தன் போக்கில் திரும்பிக்கொள்ளும். எந்தத் திசையில் காற்று அடித்தாலும் நீண்ட கை அந்தப் போக்கிலேயே நீட்டிக்கொண்டு நிற்கும். பார்க்கிறவர்கள் யாரோ பூட்ட மறந்துவிட்டார்கள் என்று நினைப்பார்கள். நிஜம் தலைகீழ். பூட்டி வைத்தால்தான் ஆபத்து. பெரிய காற்று வந்து விலாவில் அடித்தால், திரும்ப வழியில்லாத கிரேன் அத்தனை பலத்தையும் தன் ஒற்றைக் காலில் வாங்கும். தூண் முறுக்கிக்கொண்டு சாயும். தொழிலுக்கு வந்த முதல் நாளே எல்லோருக்கும் சொல்லிக்கொடுப்பது இதைத்தான். இவரும் பலருக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறார்.

குஞ்சுகள் பொரித்த பிறகு ஒருநாள் காலை, அவர் ஏணியில் ஏறிக்கொண்டிருந்தபோது வீட்டுக்காரம்மாவின் குரல் கேட்டது. இழுத்து இழுத்து, நடுங்குகிற குரல். முந்தின நாள் சாயங்காலம் பின்கை ஆற்றுப் பக்கம் இருந்தது. ராத்திரிக் காற்று அதை ரயில்வே யார்டுப் பக்கம் திருப்பியிருந்தது. இன்னும் மெதுவாகத் திரும்பிக்கொண்டும் இருந்தது. அவளோ காலில் இரையை வைத்துக்கொண்டு ஆற்றுப் பக்கத்து வெற்று ஆகாயத்தில், நேற்று கூடு இருந்த இடத்தில், சுற்றிச் சுற்றி வந்தாள். அங்கே ஒன்றுமில்லை. வேலைக்குப் போய்த் திரும்பி வந்தால் வீடு இருந்த இடத்தில் வீடு இல்லை, உள்ளே குழந்தைகள். அவரால் அதைத் தாங்க முடியவில்லை.

அன்று சாயங்காலம் பிரேக்கை அவிழ்க்காமல் இறங்கினார்.

மறதி இல்லை, அலட்சியம் இல்லை. தெரிந்தே செய்தார். ராத்திரியில் லேசாக வீசுவதைத் தவிர இலை அசையாத வெயில் காலம், ஒன்றும் ஆகாது என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டார். காலையில் முதல் ஆளாக ஏறிவிடுவார், யாருக்கும் தெரியாது. இப்படியே அந்த வாரம் போனது. காலையில் பார்க்கும்போது கூடு இருந்த இடத்திலேயே இருக்கும். அவருக்கு அன்று முழுவதும் மனசு நிறைந்திருக்கும். இரண்டு குஞ்சுகளும் எழுந்து நின்று இறக்கையை விரித்துப் பார்க்க ஆரம்பித்திருந்தன. சட்டையைப் போட்டுப் பார்த்து, அளவு சரியில்லை என்று கழற்றி வைப்பதுபோல, விரித்து விரித்து மடக்கிக்கொண்டன. பைத்தியக்காரத்தனமான அன்பு என்றுதான் சொல்ல வேண்டும். எனக்கு அவர் மேல் கோபம்தான் வருகிறது, ஆனால் முழுசாக வர மாட்டேன் என்கிறது.

விடுமுறை நாள் வந்தது. மனைவி தம்பி வீட்டுக்குக் கிளம்பினாள். வீடு என்றால் வேலைத் தளத்திலேயே, கிரேனின் காலடிக்குப் பக்கத்தில் வரிசையாகப் போட்ட தகரக் கொட்டகைகளில் ஒன்று. மச்சினனும் அவன் மனைவியும், இன்னும் தவழத் தொடங்காத பெண் குழந்தையும் அங்கேதான் இருந்தார்கள். “புள்ளையைப் பாத்துட்டு வரேன். நீங்க தூங்குங்க, எழுப்பினாலும் பாதிதான் எழுந்திருப்பீங்க” என்று சொல்லிவிட்டுப் போனாள்.

சாப்பிட்டுவிட்டு ஜன்னலோரம் படுத்தார். கனவில் கூண்டுக்குள் உட்கார்ந்திருந்தார். மேகங்கள் தரையைப் போலக் கிட்டத்தில் போய்க்கொண்டிருந்தன. அவற்றின் மேல் நரிகள் படுத்திருந்தன, நாரை நின்றது, ஆமைகள் மெதுவாக நீந்திப்போயின. எல்லாம் ஒரே திசையில் போயின. வங்கிக் கட்டடம்கூடக் கழன்று மிதந்து போனது. இவர் மட்டும் போகவில்லை. கைப்பிடியை இழுத்தார், அது வரவில்லை. ஊரே திரும்பிக்கொண்டிருந்தது, அவருடைய கூண்டு மட்டும் திரும்ப மறுத்தது. இரும்பு முனகியது.

விழித்துக்கொண்டார். ஜன்னல் திரை அறைக்குள் நீட்டி விறைத்து நின்றது. வெளியே புழுதி எழும்பி வெயில் மங்கியிருந்தது. தெருவில் ஒரு பக்கெட் உருண்டு போய்க்கொண்டிருந்தது. முந்தின சாயங்காலமும் பிரேக்கை அவிழ்க்காமல்தான் இறங்கியிருந்தார்.

போனை எடுத்து மச்சினனைக் கூப்பிட்டார்.

“மாப்ளே, அங்க காத்து எப்படி?”

“காத்தா? தகரமெல்லாம் தடதடங்குது மாமா. அக்கா பயந்துபோய் உக்காந்திருக்கு, உன் பொண்டாட்டிக்கு இவ்வளவு பயம் உண்டுன்னு இப்பத்தான் தெரியுது. புள்ள என்னடான்னா அசந்து தூங்குது.”

“மேல பாத்தியா?”

“மேல என்ன, அதான் நீ காத்துக்கு விட்டுட்டுப் போயிருப்பியே. எனக்கென்ன கவலை?”

அந்த இடத்தில் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். ‘பூட்டி வச்சிருக்கேன், எல்லாரையும் கூட்டிட்டு வெளியே ஓடு’ என்று சொல்லியிருக்கலாம். வார்த்தை நாக்கின் நுனி வரை வந்தது. அதோடு சேர்ந்து வெட்கமும் வந்தது. அந்தக் குரல் இத்தனை வருஷமாக அவரை நம்பிய குரல். அது மாறுவதைக் கேட்க அவருக்குத் தைரியமில்லை.

“ம்” என்றார்.

பைக்கை எடுத்துக்கொண்டு பறந்தார். காற்று பக்கவாட்டில் தள்ளியது. வழியெல்லாம் தன் ‘ம்’ ஒன்றுதான் அவருக்குக் கேட்டது. வேலைத் தளத்தின் பின்வாசல் வழியாக நுழைந்தார்; கொட்டகைகள் பக்கம் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. பார்த்தால் கால் நின்றுவிடும். மேலே நீண்ட கை காற்றுக்குக் குறுக்கே விறைத்து நின்றது. ஊரில் தூரத்தில் தெரிந்த மற்ற கிரேன்கள் எல்லாம் ஒரே திசையில், பேசி வைத்துக்கொண்டதுபோலத் திரும்பியிருந்தன. இது ஒன்றுதான் அடம் பிடித்துக்கொண்டிருந்தது.

தூணுக்குள் ஏணி. தினமும் ஏறுகிற ஏணிதான். இன்றைக்கு ஒவ்வொரு படியும் கைக்குள் நடுங்கியது. தூண் முறுக்கிக்கொள்வதை உள்ளங்கையில் உணர்ந்தார். ஈரத் துணியைப் பிழியும்போது கைக்கு ஒரு இறுக்கம் தெரியுமே, அந்த இறுக்கம். மூச்சு நின்று நின்று வந்தது. ‘புள்ள தூங்குது, புள்ள தூங்குது’ என்று வாய் தானாகச் சொல்லிக்கொண்டிருந்தது. பருந்தைப் பற்றிய நினைவே இல்லை.

உச்சியில் மோட்டாருக்குப் பக்கத்தில் பிரேக்கை அவிழ்க்கும் நெம்புகோல். அத்தனை இறுக்கத்தில் அது சாமானியமாக அசையவில்லை. தோளைக் கொடுத்துத் தள்ளினார். ஒருமுறை வழுக்கி முட்டி கிழிந்தது. மறுபடியும் தள்ளினார். காற்று ஒரு கணம் தணிந்தபோது அது ‘டக்’ என்று விழுந்தது.

முதலில் ஒன்றும் நடக்கவில்லை. பிறகு நீளமாக ஒரு முனகல் எழுந்தது, கிரேன் நகர ஆரம்பித்தது. மெதுவாக, பிறகு வேகமாக. சட்டத்தைக் கட்டிப்பிடித்துக்கொண்டு அவரும் அதோடு சுற்றினார். ஆறு போனது, யார்டு போனது, வங்கி போனது. புழுதிக்குள் ஊர் முழுவதும் அவர் முன்னால் ஒருமுறை வந்து முகம் காட்டிவிட்டுப் போனது. உள்ளங்கையில் தூணின் முறுக்கு தளர்வதை உணர்ந்தார். போன உயிர் திரும்பி வந்தது. வாய்விட்டு அழுதார். அத்தனை உயரத்தில் அழுவதில் ஒரு வசதி, யாருக்கும் கேட்காது.

அப்போதுதான் வீட்டுக்காரம்மாவைப் பார்த்தார். சுழலும் கூட்டை விட்டு விலகி, காற்றில் சாய்ந்து, அதே நடுங்குகிற குரலில் கூப்பிட்டுக்கொண்டு மிதந்தாள். கூட்டைத் துரத்திப் போகவில்லை, பதறவுமில்லை. கிரேன் காற்றின் போக்கில் நிலைக்கும் வரை அங்கேயே சுற்றினாள். நிலைத்ததும் ஒரே வீச்சில் வந்து கூட்டில் இறங்கினாள். முன்பு அந்தக் காலையிலும் அவள் தேடவில்லை என்பது அவருக்கு அப்போது புரிந்தது. நிற்கட்டும் என்று காத்திருந்திருக்கிறாள். ஊருக்கெல்லாம் தெரிகிற கிரேன், அவளுக்கா தெரியாது? அவள் படாத பாட்டை இவர் பட்டு, அதற்கு மனிதர்களின் தலையைப் பணயம் வைத்திருக்கிறார். அவள் திரும்பி அவரைப் பார்த்து எப்போதும்போல முறைத்தாள்.

இறங்கி வந்தார். கீழே மச்சினன் நின்றுகொண்டிருந்தான். அவனுக்குப் பின்னால், குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு அவர் மனைவி. கிரேன் சட்டென்று சுழல ஆரம்பித்ததை இருவரும் பார்த்திருந்தார்கள். மச்சினனுக்கு யாரும் விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. இத்தனை காற்றிலும் நின்ற கிரேன் திடீரென்று சுழன்றால் அதற்கு அர்த்தம் ஒன்றுதான்.

“பூட்டியா வச்சிருந்தே?”

“ஆமா.”

“தெரிஞ்சேவா?”

“தெரிஞ்சேதான் மாப்ளே. கூடு ஓரிடத்துல இருக்கட்டும்னு…”

“போன்ல கேட்டேனே மாமா” என்றான். கத்தவில்லை. கத்தியிருந்தால் தேவலை. “கவலையில்லன்னு சொன்னேனே. நீ ‘ம்’னு சொன்னியே.”

பதில் தாமதமாகக்கூட வரவில்லை. மனைவி குழந்தையை இன்னும் இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். குழந்தை இன்னும் தூங்கிக்கொண்டுதான் இருந்தது.

மறுநாள் அவராகவே பொறியாளரிடம் போய்ச் சொன்னார். அந்த அம்மாவின் முகம் வெளுத்துவிட்டது. கொஞ்ச நாள் வேலைக்கு வர வேண்டாம் என்றார்; ஆளை நிரந்தரமாக அனுப்பாததே பெரிய விஷயம். அவர் திரும்பி வந்தபோது கூடு காலியாக இருந்தது. குஞ்சுகள் பறந்ததை வேறொரு ஓட்டுநர் பார்த்திருந்தான். “என்னமோ ரெண்டு கழுகு போச்சு” என்றான். கழுகாம். அவர் திருத்தவில்லை. அதைப் பார்க்கும் உரிமை தனக்கு இல்லாமல் போனது நியாயம்தான் என்று பட்டது, ஆனால் வலித்தது.

வேலை பழையபடி நடந்தது. ‘இடது, வலது, இறக்கு’ எல்லாம் அப்படியே. வேடிக்கைப் பேச்சு மட்டும் இல்லை. சாயங்காலமானால் வாக்கிடாக்கியில், கம்பி கட்டுகிறவர்களிலிருந்து லாரிக்காரர்கள் வரை எல்லோருக்கும் கேட்கிற மாதிரி, மச்சினன் கேட்பான்: “அவுத்துட்டியா மாமா?” அவர் “அவுத்துட்டேன்” என்பார். முன்பு ஒருபோதும் யாரும் கேட்டதில்லை. முதல் சில நாள் ஊசி குத்துவதுபோல இருந்தது. போகப் போக அந்தக் கேள்விக்கு அவர் காத்திருக்கத் தொடங்கினார். அந்தக் கட்டடம் முடிந்தது. அடுத்த கட்டடம், அடுத்த கிரேன். அதில் பறவையும் இல்லை, ஒன்றுமில்லை. இருந்தாலும் கேட்டான். கேட்கட்டும், கேட்க வேண்டியதுதான்.

ஒரு சாயங்காலம் கேள்வி வரவில்லை. பிரேக்கை அவிழ்த்துவிட்டு, கூண்டில் வந்து உட்கார்ந்தார். வெளிச்சம் சாய்ந்துகொண்டிருந்தது. வாக்கிடாக்கி சும்மா இரைந்தது. கோபமா, உடம்புக்கு ஏதாவதா, வேலையை விட்டே போய்விட்டானா என்று மனம் எங்கெங்கோ போனது. இறங்கவே மனசு வரவில்லை. கடைசியில் அவரே பொத்தானை அமுக்கினார்.

“மாப்ளே… அவுத்துட்டேன்.”

மச்சினனின் குரல் வந்தது.

“தெரியும் மாமா. இறங்கி வா, புள்ள உன்னைக் கேக்குது.”